நனைந்த பிறகு அளந்து பார்

அன்புள்ள தம்பிக்கு,

வங்கக் கடலோர வானிலை ரேடாரின் ஆண்டெனாவை மூடிக் காக்கும் ரேடோமுக்குப் பொருளைத் தேர்ந்தெடுக்கும் வேலை உன் கைக்கு வந்ததில் மகிழ்ச்சி. நீ அனுப்பிய ஒப்பீட்டு அட்டவணையைப் பார்த்தேன். குவார்ட்ஸ் இழைக்கு முதலிடம், ஈ-கிளாஸ் கண்ணாடி இழைக்குக் கடைசி இடம். எண்களில் பிழை இல்லை. ஆனால் அத்தனையும் உலர்ந்த துண்டுகளை அளந்து எடுத்தவை. உன் ரேடாருக்கு உண்மையான வேலை வருவதோ புயல் நாளில்.

ஈ-கிளாஸ் எபாக்ஸியின் மின்காப்பு மாறிலி சுமார் 4.4. குவார்ட்ஸ் இழையுடன் சயனேட் எஸ்டர் பிசின் சேர்ந்தால் 3.3-ஐ ஒட்டி வரும்; இழப்பும் குறைவு. விமான மூக்கில் இருக்கும் ரேடாருக்கு அந்த வித்தியாசத்தைக் காசு கொடுத்து வாங்கலாம். ஆனால் சென்னை, காரைக்கால் ரேடார்களைப் போல உன்னுடையது எஸ்-பேண்ட். அலைநீளம் சுமார் 10 செ.மீ. ஈ-கிளாஸுக்குள் அது 5 செ.மீ.க்குச் சற்றுக் குறைவு. சுவரின் தடிமன் அதில் இருபதில் ஒரு பங்குக்குள், அதாவது 2 மி.மீ. அளவில் இருந்தால் அலை பெரிதாகத் தடைபடாது. அவ்வளவு மெல்லிய சுவர் தனியாகக் காற்றைத் தாங்காது என்பதால்தான், இரண்டு தோல்களுக்கு நடுவே இலேசான நுரையை வைக்கிறோம்.

இப்போது தண்ணீரைக் கணக்கில் சேர். அதன் மின்காப்பு மாறிலி 80-ஐ ஒட்டியது. சுவர்மேல் 0.1 மி.மீ. நீர்ப்படலம் பரவினால் போதும். எஸ்-பேண்டில் ஒருமுறை கடப்பதற்கே சக்தியில் ஏறக்குறைய எட்டில் ஒரு பங்கு போய்விடும். அலைநீளம் இன்னும் குறைந்த எக்ஸ்-பேண்டில் பாதிக்கு மேல் போகும். போய்த் திரும்பும்போது கால்வாசிகூட மிஞ்சாது. விலையுயர்ந்த இழையால் நீ மிச்சம் பிடித்ததை ஒரே மழை விழுங்கிவிடும். ரேடாரின் தலைமேலேயே கொட்டும்போது, எங்கோ பெய்யும் மழையையும் அது குறைத்துக் காட்டும்.

ஆகவே முதல் செலவு மேற்பூச்சுக்கு. தாமரை இலைத் தண்ணீர்போல நீர் உருண்டு ஓடினால் இழப்பு வெகுவாகக் குறையும். படலமாகப் படிந்தால்தான் ஆபத்து. வெயிலும் உப்புக்காற்றும் அந்தக் குணத்தைத் தின்றுவிடும். மறுபூச்சுக்கான காலத்தை இப்போதே பராமரிப்புத் திட்டத்தில் எழுது. பழைய பூச்சைச் சுரண்டாமல் மேலே மேலே அடிக்க விடாதே. உலோகத்தூளோ கார்பனோ கலந்த பெயின்ட் கூடவே கூடாது.

அடுத்தது நடுப்பொருள். தேன்கூட்டு அமைப்பில் ஊசித்துளை வழியே நீர் புகுந்தால் அறைகளுக்குள்ளேயே தங்கிவிடும். வெளியே ஒன்றும் தெரியாது. கடலோரத்துக்கு மூடிய அறைகள் கொண்ட நுரையே பத்திரம். பலகைகளின் விளிம்புகளையும் போல்ட் துளைகளையும் பிசினால் அடைக்கச் சொல்.

வலுவை மறக்காதே. 2017-இல் மரியா சூறாவளி போர்ட்டோ ரிக்கோவின் வானிலை ரேடாரிலிருந்து ரேடோமையும் ஆண்டெனாவையும் பிய்த்தெறிந்தது. அதற்காகக் கார்பன் இழைப் பக்கம் போகாதே. அது மின்சாரத்தைக் கடத்தும், அலையைத் திருப்பி அனுப்பிவிடும்.

விற்பனையாளரிடம் மாதிரிப் பலகை கேள். எடை போடு, தண்ணீரில் ஊறவை, மறுபடி எடை போடு. பிறகு நெட்வொர்க் அனலைசரில் வைத்து, மேலே தண்ணீர் தெளித்தபடியே அளந்து பார். வெயிலில் காய்ந்து பழசான துண்டிலும் இதையே செய்.

அட்டவணையில் இரண்டு கட்டங்கள் கூடட்டும்: நனைந்தபின் இழப்பு, முதிர்ந்தபின் இழப்பு. அவற்றை நிரப்பிய பிறகு வரிசைப்படுத்து. ஈ-கிளாஸ் மேலே ஏறி வந்தால் வியக்காதே. மிச்சமாகும் பணத்தைப் பூச்சுக்கும் பராமரிப்புக்கும் ஒதுக்கும்படி நிதிப் பிரிவில் வாதாடு. அந்த வாதத்துக்கு உன் ஈரமான எண்களே போதும்.

அன்புடன்,
உன் தொழிலில் மூத்தவன்