லிஸ்பனை நடந்து பார்க்கப் போகிற பிள்ளைகளுக்கு

கல்முனைக்குடியில் எங்கள் வீட்டு விறாந்தைக்குக் கிழமைக்கு ஒரு பிள்ளையாவது வந்து நிற்கிறது. "சேர், போர்த்துக்கல் போறன். வழிகாட்டியோட சேர்ந்து ஊரை நடந்து பார்க்கலாமாமே, அது எப்படி?" என்று கேட்கிறது. பாதிப் பேர் நான் படிப்பித்தவர்களின் பிள்ளைகள். சின்ன மகன் அங்கே வேலை செய்வதால் இரண்டு தரம் போய் வந்தேன், நாலு நடைகளில் சேர்ந்து நடந்தேன். இதைவிட வேறு தகுதி எனக்கு இல்லை. ஒரே கதையை நூறு தரம் சொல்ல வாய் வலிக்கிறது. ஆகவே எழுதி வைக்கிறேன்.

1. முதலில் காலைப் பழக்குங்கள். நம்மட ஊர் தட்டைத் தரை. பெரியநீலாவணையிலிருந்து அக்கரைப்பற்று வரை சைக்கிளில் போனாலும் ஒரு மேடு மிதிக்க வேண்டியதில்லை. இங்கே உயரம் என்றால் மினாராவும் தென்னையும்தான். லிஸ்பனோ ஏழு குன்றின்மேல் இருக்கிற ஊர் என்று அவர்களே பெருமை பேசுகிறார்கள். இரண்டரை மணித்தியால நடையில் பாதி நேரம் ஏற்றம். அதிலும் இறக்கம்தான் முழங்காலைத் தின்னும். போவதற்கு ஒரு மாதத்துக்கு முன்பிருந்தே சுபஹுத் தொழுத கையோடு கடற்கரை மணலில் சாய்ந்தமருது வரை நடந்து வாருங்கள். மூன்று மாடிக் கடை எதிலாவது படியேறி இறங்கினாலும் நல்லது.

செருப்பைப் பற்றியும் சொல்ல வேண்டும். அந்த ஊர் நடைபாதை முழுக்கச் சின்னச் சின்ன வெள்ளைச் சுண்ணாம்புக் கல்லும் கறுப்புக் கல்லும் கையால் கொத்திப் பதித்தது. ரொசியோ சதுக்கத்தில் அதையே அலை அலையாகப் பதித்திருக்கிறார்கள். 19ஆம் நூற்றாண்டு வேலை. கடலோரத்தான் எனக்கே அதைக் குனிந்து பார்த்தபோது தலை சுற்றியது. ஊர்ப்பட்ட சனம் நடந்து நடந்து அந்தக் கல் கண்ணாடியாகிவிட்டது. தூறல் விழுந்தால் சவர்க்காரம். முதல் நாள் நான் தோல் அடிச் செருப்போடு போய், பழைய தேவாலயத்துக்கு முன்னால் இருந்த இறக்கத்தில் பத்து நாட்டுச் சனம் பார்க்க உட்கார்ந்துவிட்டேன். இறப்பர் அடிச் சப்பாத்துப் போடுங்கள்.

2. சின்னக் கூட்டமாகப் பார்த்துச் சேருங்கள். பத்துப் பன்னிரண்டு பேர் என்றால் வழிகாட்டி உங்கள் முகத்தைப் பார்த்துப் பேசுவார், நடுவில் ஒரு கேள்வியும் கேட்கலாம். முப்பது பேர் என்றால் முன்னால் போகிற குடையை மட்டும் பார்த்துக்கொண்டு நடப்பீர்கள். அதற்கு வழிகாட்டி தேவையில்லை, குடை போதும்.

3. "இலவச நடை" என்று விளம்பரம் செய்வார்கள். இலவசம் இல்லை. கடைசியில் விரும்பியதைக் கொடு என்பதுதான் அதன் பொருள். அந்தப் பிள்ளைகளுக்கு அதுதான் சம்பளம். ஆள் கணக்குக்கு இவ்வளவு என்று கம்பனிக்குத் திருப்பிக் கட்டுகிறவர்களும் அதில் இருக்கிறார்கள். நான் ஆளுக்கு 10 யூரோ கொடுத்தேன். காசு தட்டு வருகிற நேரத்தில் தொலைபேசியைக் காதில் வைத்துக்கொண்டு நழுவுகிற ஆட்களைக் கண்டேன். நம்மட ஆள் யாரும் அப்படிச் செய்தார் என்று என் காதில் விழக் கூடாது.

4. காலை பத்து மணி நடையை எடுங்கள். பன்னிரண்டரைக்கு முடியும். கோடையில் அங்கே லுஹர் பகல் ஒன்றரைக்குப் பிறகுதான், மஃரிப் இரவு ஒன்பது மணியளவில்தான். அதனால் தொழுகை தவறும் என்ற பயம் வேண்டாம். நடை முடிந்ததும் மார்டிம் மொனிஸ் சதுக்கத்துக்குப் போங்கள். அதை ஒட்டிய பென்ஃபொர்மோசோ தெருவில் வங்காளதேசத்தாரின் கடைகள் வரிசையாக இருக்கின்றன. ஹலால் சாப்பாடும் உண்டு, சின்னத் தொழுகை இடங்களும் உண்டு. பெரிய பள்ளி 1985இல் திறந்தது. அது கொஞ்சம் தூரம், மெட்ரோவில் போக வேண்டும். பயணி சேர்த்துச் சுருக்கித் தொழுகிற சட்டத்தை மௌலவியிடம் கேட்டுக்கொண்டு போங்கள். அதற்கு நான் ஆள் இல்லை. ஒரு வெறும் தண்ணீர்ப் போத்தலும் பையில் இருக்கட்டும். எதற்கென்று அங்கே போனதும் விளங்கும்.

5. ரொசியோவுக்குப் பக்கத்தில் நடையை நிறுத்திச் சின்னக் கண்ணாடிக் குவளையில் சிவப்பாக ஒன்று தருவார்கள். பழச்சாறு மாதிரி மணக்கும். அது ஜிஞ்ஞா, செரிப்பழத்தில் செய்த மது. "வேண்டாம், நன்றி" என்றால் போதும், யாரும் மனம் கோணமாட்டார்கள். முட்டையும் பாலும் வைத்துச் சுடுகிற அவர்களுடைய குட்டிப் பணியாரம் நல்ல சாமான். எங்கள் வீட்டுக்காரி அதைத் தின்றுவிட்டு, "வட்டிலப்பத்துக்குக் கிட்ட நிக்குது, தேங்காய்ப்பால்தான் இல்ல" என்றா. ஆனால் மாவில் என்ன கொழுப்பு சேர்த்தது என்று கடையில் கேட்டுவிட்டு வாயில் வையுங்கள். எல்லாரும் பட்டர் போடுவதில்லை.

6. இதைக் கவனமாக வாசியுங்கள். நீங்கள் மூர் என்பது அங்கே போனால்தான் உறைக்கும்.

நம்மட பிறப்பத்தாட்சிப் பத்திரத்தில் இனம் என்ற இடத்தில் இலங்கைச் சோனகர் என்று இருக்கும். ஆங்கிலத்தில் எழுதினால் மூர். அந்தச் சொல்லை நமக்கு ஒட்டிவிட்டுப் போனவர்கள் இந்த ஊர்க்காரர்கள்தான். 1147இல் அபோன்சோ என்றிகெஸ் என்ற அரசன் லிஸ்பனை முஸ்லிம்களிடமிருந்து பிடித்தான். எஞ்சியவர்களைக் கோட்டை மதிலுக்கு வெளியே ஒரு சரிவில் ஒதுக்கினார்கள். அந்த இடத்துக்கு இன்றைக்கும் மொராரியா என்றுதான் பெயர், மூர்களின் குடியிருப்பு என்று பொருள். 1496இல் மனுவெல் அரசன் யூதர்களையும் முஸ்லிம்களையும் நாட்டை விட்டுப் போகச் சொன்னான். அடுத்த வருடமே வாஸ்கோ ட காமா இதே ஆற்றிலிருந்து பாய் விரித்தார். கள்ளிக்கோட்டையில் இறங்கினால் அங்கேயும் முஸ்லிம் வியாபாரிகள். அவர்களையும் மூர் என்றார்கள். 1505இல் இலங்கைக்கு வந்து நம்மையும் மூர் என்றார்கள். மொரோக்கோவையே காணாத நமக்கு மொரோக்கோப் பெயர் வந்த கதை இது.

மொராரியாவில் ஒரு மூலையில் நிறுத்தி, எங்கள் வழிகாட்டிப் பிள்ளை "நாங்கள் மூர்களைத் தோற்கடித்தோம்" என்று உற்சாகமாகச் சொல்லிக்கொண்டு போனா. இருபத்தைந்து வயதிருக்கும், கெட்டிக்காரி. நான் கையைத் தூக்கி, "மகள், நானும் ஒரு மூர்" என்றேன். "மொரோக்கோவா?" என்று கேட்டா. "இல்லை, இலங்கை." பிள்ளை விழித்த விழியைப் பார்க்க வேண்டும். பிறகு அந்த மூலையிலேயே ஐந்து நிமிடம் நான் வழிகாட்டியாகிவிட்டேன். 1626இல் போர்த்துக்கேயர் தங்கள் பகுதிகளிலிருந்து முஸ்லிம்களை விரட்டியதையும், கண்டி மன்னன் செனரத் நாலாயிரம் பேரளவில் மட்டக்களப்புப் பக்கம் குடியமர்த்தியதையும் சொன்னேன். நம்மட கரை முழுக்க அவர்களின் வாரிசு என்று நான் சொல்லவரவில்லை. அதற்கு முன்பும் இங்கே நம்மட சனம் இருந்தது. ஆனால் அந்த விரட்டலின் ஒரு நுனி அந்த ஊரிலும் மறு நுனி எங்கள் வயல் வாய்க்காலிலும் கிடக்கிறது.

வழிகாட்டியோடு சண்டைக்குப் போகாதீர்கள். பள்ளிக்கூடத்தில் படிப்பித்ததைத்தான் அந்தப் பிள்ளை சொல்கிறது. நாமும் நம்மட பள்ளிக்கூடத்தில் படித்ததைத்தான் சொல்கிறோம். "அதற்குப் பிறகு அந்தச் சனம் என்ன ஆனது?" என்று மட்டும் கேளுங்கள். அந்த ஒரு கேள்விக்கு நல்ல வழிகாட்டி நின்று பதில் சொல்வார். அல்ஃபாமா என்ற குடியிருப்பின் பெயரும், சுவரெல்லாம் ஒட்டியிருக்கிற நீல ஓட்டுக்கு அவர்கள் சொல்கிற அஸுலேஜு என்ற பெயரும் அரபியிலிருந்து வந்தவை என்று அவரே சொல்வார்.

7. இடைவேளையில் கோப்பிக் கடையில் இருந்தால் ஒரு விளையாட்டு விளையாடுங்கள். கதிரையைத் தொட்டு "கதிரை" என்று சொல்லுங்கள். அவர்கள் "கடெய்ரா" என்பார்கள். மேசைக்கு மேஸா. அலுமாரி, குசினி, சப்பாத்து, சாவி, சன்னல், வாங்கு எல்லாம் அவர்களுடைய சாமான்கள். பாணும் அப்படித்தான். எங்கள் மேசையில் இருந்த ஒரு ஜேர்மன்காரர் நான் போர்த்துக்கேயம் படித்தவன் என்றே நினைத்தார். கல்முனையிலிருந்து ஒரு மணித்தியாலம் பஸ்ஸில் போனால் மட்டக்களப்பில் பறங்கியர் சிலர் வீட்டுக்குள் இன்னும் போர்த்துக்கேயம் கலந்த மொழி பேசுகிறார்கள் என்று சொன்னபோது, வழிகாட்டி கொப்பியை எடுத்து எழுதிக்கொண்டா.

8. கூடுமிடத்துக்குக் கால் மணித்தியாலம் முந்திப் போங்கள். பல நடைகள் கவிஞர் கமோய்ஸின் சிலையடியில் தொடங்கும். 1572இல் அச்சான அவருடைய காவியத்தின் முதல் பாட்டிலேயே தப்ரபேன் என்ற பெயர் வருகிறது. நம்மட தீவின் பழம்பெயர் என்றுதான் அதை வழக்கமாகச் சொல்வார்கள். தெரிந்துகொண்டு நின்றால் அந்தச் சிலை கொஞ்சம் சொந்தக்காரர் மாதிரி இருக்கும்.

9. ஆற்றங்கரைச் சதுக்கத்துக்கு வரும்போது பக்கத்தில் வயது போனவர்கள் இருந்தால் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள். நான் காரணத்தோடுதான் சொல்கிறேன்.

அந்த இடத்தை அரண்மனை முற்றம் என்றுதான் ஊர்ச்சனம் இன்றும் சொல்லும். அரண்மனை இல்லை. 1755 நவம்பர் 1, அவர்களுக்குத் திருநாள், காலையில் தேவாலயங்கள் நிறைந்திருந்த நேரம் நிலம் அதிர்ந்தது. இடிபாட்டிலிருந்து தப்பியவர்கள் வெளி இடம் என்று ஆற்றங்கரைக்கு ஓடி வந்தார்கள். வழிகாட்டி ஆற்றைக் காட்டி, "தண்ணீர் பின்வாங்கியது, அடித்தரை தெரிந்தது, பிறகு வந்தது" என்று மூன்று சொல்லில் சொன்னா. எங்கள் வீட்டுக்காரி என் சட்டைக் கையைப் பிடித்தா. சுற்றி நின்றவர்களுக்கு அது இருநூற்றைம்பது வருடக் கதை. நமக்கு அது 2004 டிசம்பர் 26, ஞாயிறு, போயா நாள். அம்பாறை மாவட்டத்தில் மட்டும் பத்தாயிரத்துக்கு மேற்பட்ட உயிர். மறுநாள் கரையில் வீடு இருந்த வளவுகளில் கிணறும் சீமெந்துத் தரையும் மட்டும் நின்றதை நான் பார்த்தவன். அன்றைக்கு அந்த ஆற்றைப் பார்த்துக்கொண்டு நிற்க முடியாமல் இரண்டு பேரும் தூண்களுக்கு உள்ளே போய் நின்றோம்.

அங்கே ஒன்று கேளுங்கள்: பிறகு எப்படிக் கட்டினீர்கள்? பொம்பால் என்ற அமைச்சர் இடிந்த பழைய தெருக்களைத் தூக்கிப் போட்டுவிட்டு, நேர்கோடாக அகலத் தெருக்கள் போட்டார். சுவருக்குள் மரத்தால் கூடு மாதிரிச் சட்டம் வைத்துக் கட்டினார்கள், நிலம் ஆடினால் மரமும் சேர்ந்து ஆடிக் கட்டிடத்தைத் தாங்கும் என்று. படையினரை அந்த மாதிரிச் சட்டத்தைச் சுற்றித் தடதடவென்று நடக்க விட்டுச் சோதித்ததாகவும் சொல்கிறார்கள். அலை வந்த அதே கரையில் அரசாங்கக் கட்டிடங்களை எழுப்பினார்கள். நமக்கு 2005இல் கரையிலிருந்து 200 மீற்றருக்குள் கட்டக்கூடாது என்றார்கள், தெற்கே 100 மீற்றர் என்றார்கள். ஒரே கடலுக்கு இரண்டு அளவுகோல் எதற்கு என்று எத்தனை தேநீர்க்கடையில் வாக்குவாதப்பட்டோம்!

மேலே கார்மோ என்று ஒரு துறவிமடத் தேவாலயம் இருக்கிறது. அன்றைக்கு விழுந்த கூரை விழுந்ததுதான். இடையில் திருத்தத் தொடங்கி, பிறகு அப்படியே விட்டுவிட்டார்கள். வளைவுகளுக்கு நடுவில் வானம். வழிகாட்டி அவசரப்படுத்தினாலும் அங்கே கொஞ்சம் நில்லுங்கள்.

10. சந்தா லூசியா என்று ஒரு மேட்டில் ஆற்றைப் பார்த்து ஒரு முற்றம் இருக்கிறது. சனமெல்லாம் ஆற்றைப் படம் பிடிக்கும். நீங்கள் தேவாலயச் சுவர்ப் பக்கம் திரும்புங்கள். நீல ஓட்டில் இரண்டு படங்கள். ஒன்றில் நில அதிர்வுக்கு முந்திய அரண்மனை முற்றம், மற்றதில் 1147இல் கோட்டையைப் பிடிக்கிற சண்டை. முதற் படத்தை நான் எடுத்தேன், ஆனால் நடுவில் ஒரு பெரிய வைக்கோல் தொப்பி வந்து நின்றுவிட்டது. யாராவது தொப்பி இல்லாமல் எடுத்து அனுப்புங்கள். மருதமுனைக் கைத்தறிச் சாரன் ஒன்று வாங்கி வைத்திருக்கிறேன், கொண்டு வருகிறவருக்கு.