எந்தப் பிடி நகர வேண்டும்? ஐபோனில் இரண்டு பிடி ஸ்லைடர்

கல்பாக்கம் நகரியத்துக்குள் குவார்ட்டர்ஸ் கிடைக்காதவர்கள் புதுப்பட்டினத்திலும் சதுரங்கப்பட்டினத்திலும் வாடகைக்கு வீடு தேடுவார்கள். அவர்களுக்காக ஒரு செயலி எழுதுவதாக வைத்துக்கொள்வோம். "ஆறாயிரத்துக்கு மேல், எட்டாயிரத்துக்குள்" என்று கேட்க ஒரே கோட்டில் இரண்டு பிடிகள் வேண்டும். ஆண்ட்ராய்டின் மெட்டீரியல் தொகுப்பிலும் ஃபிளட்டரிலும் ரேஞ்ச்ஸ்லைடர் ஆயத்தமாகவே இருக்கிறது. அங்கே அதையே எடுத்துக்கொள்ளுங்கள், வீணாக மெனக்கெட வேண்டாம். ஐபோனின் யூஐஸ்லைடருக்கு ஒரே பிடிதான். அதனால் யூஐகன்ட்ரோலை அடிப்படையாக வைத்து நாமே எழுத வேண்டியிருக்கிறது.

வரைவதற்கு முன் கணக்கைப் போடுங்கள். கோட்டின் நீளம் 300 புள்ளிகள், வாடகை 3,000 முதல் 33,000 வரை என்றால் ஒரு புள்ளிக்கு 100 ரூபாய். 12,000 ரூபாய்க்கான பிடி இடப்பக்கத்திலிருந்து 90ஆம் புள்ளியில் நிற்கும். இதுவரை சிக்கல் இல்லை. ஆனால் மாமல்லபுரம் பக்கம் கடலைப் பார்த்த பங்களா ஒன்று பட்டியலில் சேர்ந்து உச்ச வாடகை 1,50,000 ஆகிவிட்டால்? ஆறாயிரத்துக்கும் எட்டாயிரத்துக்கும் நடுவே வெறும் 4 புள்ளிகள்தான் மிஞ்சும். எந்த விரலாலும் அதைப் பிரித்துப் பிடிக்க முடியாது. ஆகவே கோட்டை இரண்டாகப் பிரியுங்கள்: முதல் 220 புள்ளிகள் 25,000 வரை, மீதி 80 புள்ளிகள் 1,50,000 வரை. இடப்பகுதியில் 500, வலப்பகுதியில் 5,000 என்று படி வைத்து, பிடி நகரும்போதே மதிப்பை அந்தப் படிக்கு முழுதாக்குங்கள்.

அடுத்து பிடிகள். பார்வைக்கு 28 புள்ளி வட்டம் போதும். தொடும் பரப்பு மட்டும் ஆப்பிள் சொல்கிற 44 புள்ளிக்குக் குறையக் கூடாது. விரல் வட்டத்தின் நடுவில் படாமல் 10 புள்ளி தள்ளிப் பட்டால், அந்த இடைவெளியைக் குறித்து வைத்து, இழுக்கும்போது கழித்துக்கொண்டே வாருங்கள். இல்லாவிட்டால் இடப்பகுதியில் தொட்ட மாத்திரத்தில் வாடகை 1,000 ரூபாய் தாவிவிடும்.

உண்மையான தலைவலி இனிமேல்தான். தொட்ட இடத்துக்கு எது பக்கமோ அந்தப் பிடியை நகர்த்து என்றுதான் பெரும்பாலும் எழுதுகிறோம். இரண்டு பிடிகளும் 3,000த்தில் ஒன்றன்மேல் ஒன்றாக நிற்கும்போது இரண்டுமே சம தூரம். நிரல் கீழ்ப்பிடியைத் தேர்ந்தெடுத்தால், அது இடப்பக்கம் போக இடமில்லை, வலப்பக்கம் மேல்பிடி மறிக்கிறது. ஸ்லைடர் செத்துவிட்டது போலக் கிடக்கும். பயனர் செயலியை மூடிவிட்டு வேறு வேலை பார்க்கப் போய்விடுவார்.

தீர்வு, அவசரப்படாமல் இருப்பது. விரல் பட்டதும் யூஐகன்ட்ரோல் அழைக்கும் பிகின்டிராக்கிங்கில் எதையும் தேர்ந்தெடுக்காதீர்கள். விரல் மூன்று நான்கு புள்ளி நகரட்டும். வலப்பக்கம் போனால் மேல்பிடி, இடப்பக்கம் போனால் கீழ்ப்பிடி. பிடிகள் ஓரளவு விலகி, தொடும் பரப்புகள் மட்டும் ஒன்றன்மேல் ஒன்று விழுகிற நிலையிலும் இதே விதியை வையுங்கள். கடைசியாகத் தொட்ட பிடி மேலே தெரிய வேண்டும்.

ஒன்றையொன்று தாண்ட விடலாமா? சில செயலிகளில் ஒரு பிடி மற்றதைத் தள்ளிக்கொண்டே போகும். எனக்கு அது பிடிப்பதில்லை. வீடு தேடுபவர் ஏற்கெனவே சொன்ன வரம்பை அவரைக் கேட்காமலே மாற்றுகிறது. நடுவில் குறைந்தது 1,000 ரூபாய் இடைவெளி விட்டு நிறுத்திவிடுங்கள். 8,000 முதல் 8,000 வரை என்று தேடினால் அநேகமாக ஒரு வீடும் வராது.

பிடியை விரல் மறைக்கும் என்பதால் தொகையைக் கோட்டுக்கு மேலே காட்டுங்கள். சர்வரிடம் பட்டியல் கேட்பது விரலை எடுத்த பிறகு மட்டும். திரையின் இட ஓரத்தை ஒட்டிக் கோட்டைத் தொடங்கினால், கீழ்ப்பிடியை இழுப்பதை ஐபோன் பின்செல்லும் சைகையாக எடுத்துக்கொண்டு, செயலி முந்தைய பக்கத்துக்குத் திரும்பிவிடும். அதனால் ஓரத்தில் தாராளமாக இடம் விடுங்கள்.

பார்வையற்றவர்களுக்கு வாய்ஸ்ஓவரில் இரண்டு பிடிகளும் தனித்தனி உறுப்புகளாகக் கேட்க வேண்டும்: "குறைந்த வாடகை, 6,000 ரூபாய்", "அதிக வாடகை, 8,000 ரூபாய்". இரண்டுக்கும் அட்ஜஸ்டபிள் பண்பைக் கொடுத்தால் விரலை மேலே, கீழே தள்ளி ஒவ்வொரு படியாக மாற்றலாம். இழுக்கச் சிரமப்படுபவர்களுக்காகப் பக்கத்திலேயே இரண்டு எண் பெட்டிகளும் இருக்கட்டும். 2023இல் வெளியான இணைய அணுகல்தன்மை வழிகாட்டி டபிள்யூசிஏஜி 2.2, இழுக்காமலே செய்யும் வழி ஒன்றைக் கேட்கிறது. அந்தப் பெட்டிகளில் தொகையை 150,000 என்று மூன்று மூன்றாகப் பிரிக்காமல் 1,50,000 என்றே காட்ட, எண் வடிவமைப்பில் இந்தியத் தமிழைத் தேர்ந்தெடுங்கள்.