பள்ளியின் தொலைவு

சிற்றூர்ச் சிறுவன் பள்ளிக்குச் செல்ல வேண்டுமாயின் வரப்பிலும் வண்டிப் பாதையிலும் நெடுவழி நடத்தல் வேண்டும். இடையே ஓடை குறுக்கிடும். மழை நாளில் வழியே மறைந்துவிடும். நகரத்துச் சிறுவனுக்கு அத்தகைய இடர் இல்லை. தெருக்கோடியிலே பள்ளி இருக்கும். அதன் மணியோசை வீட்டு வாயிலிலே கேட்கும். ஆதலால், நகரத்திற் பிறந்தோர் யாவரும் கல்விக்கு அண்மையிற் பிறந்தோரே என்று எண்ணத் தோன்றும். ஆயினும், பள்ளிச் சுவரை ஒட்டிய குடிசையிற் பிறந்தும், அப்பள்ளியினுள் கால் வையாமலே வளர்ந்து முதிர்ந்தோர் நகரங்களில் எண்ணிறந்தோர் ஆவர். அவர்களுக்கும் பள்ளிக்கும் இடையே கிடந்த தொலைவு கல் கணக்கில் அளத்தற்கு உரியதன்று. இருள், உழைப்பு, பிறப்பு வேற்றுமை, பசி ஆகியவையே அத்தொலைவின் அளவுகோல்கள். சென்னை மாநகரில் அத்தொலைவு எவ்வாறு சிறிது சிறிதாகக் குறைந்து வந்தது என்பதை அறிதல் இளைஞர்க்குப் பெரிதும் பயன் தரும்.

நகருக்கு வந்து கற்று உயர்ந்தோருள் முத்துசாமி ஐயர் (1832–1895) ஒருவர். தஞ்சை மாவட்டத்தில் வறிய குடியிற் பிறந்த அவர் இளமையிலே தந்தையை இழந்தார். ஊர்க் கணக்கருக்கு உதவியாளாய் அமர்ந்து, மாதம் ஒரு ரூபாய் ஊதியத்துக்கு உழைத்தார். அவருடைய அறிவுக் கூர்மையைக் கண்டு வியந்த தாசில்தார் ஒருவர், அவர் சென்னை சென்று பயில வழி செய்தார். வீட்டில் விளக்கெரிக்க வகையின்றித் தெருவிளக்கின் அடியில் அமர்ந்து அவர் படித்தார் என்று ஒரு செய்தி வழிவழியாக வழங்கி வருகின்றது. பிற்காலத்தில் அவரே சென்னை உயர்நீதிமன்றத்தில் நீதிபதியாக அமர்ந்த முதல் இந்தியர் ஆனார்.

இச்செய்தியைச் சொல்வோர் அவருடைய ஊக்கத்தைப் புகழ்வர், அது தக்கதே. ஆயினும், அச்செய்தியுள் மற்றொரு பொருளும் அடங்கியிருக்கின்றது. அறிவுடைய மாணவனுக்குப் பள்ளியைக் கொடுத்த நகரம், பாடத்தைப் படிக்க ஒரு விளக்கைக் கொடுக்கவில்லை. ஊக்கமுள்ள ஒருவருக்குத் தாசில்தார் ஒருவர் துணையாக வாய்த்தார். அத்தகைய துணை வாய்க்கப் பெறாதவர் நிலை யாது? அரியவர் ஒருவர் இடர் கடந்து ஏறியதைப் போற்றுதல் எளிது. எல்லாரும் ஏறுதற்கு உரிய படிகளை அமைத்தலோ அரிது. அவ்வரிய செயலே ஒரு நகரத்தின் கடமையாகும்.

இருளினும் கொடிய தடை ஒன்று உண்டு. அஃது இளமையிலேயே தோளில் ஏறும் உழைப்பு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சென்னைப் பெரம்பூர்ப் பகுதியில் பக்கிங்காம் ஆலையும் கர்நாட்டிக் ஆலையும் எழுந்தன. நாட்டின் பிற ஆலைகளிற் போலவே அவற்றிலும் சிறுவர் வேலை செய்தனர். 1881-ஆம் ஆண்டில் இயற்றப்பெற்ற தொழிற்சாலைச் சட்டம், ஏழு வயது நிரம்பாத குழந்தைகளை வேலைக்கு வைத்தல் கூடாது என்று விதித்தது. ஏழு முதல் பன்னிரண்டு வயதுக்கு உட்பட்டோரோ நாளொன்றுக்கு ஒன்பது மணி நேரம் வரை உழைக்கலாம் என்று அச்சட்டமே இசைவு தந்தது. 1891-இல் அவ்வயது ஒன்பதாகவும், 1922-இல் பன்னிரண்டாகவும், 1948-இல் பதினான்காகவும் உயர்த்தப்பெற்றது. ஏழிலிருந்து பதினான்குக்கு ஏறுதற்கு அறுபத்தேழு ஆண்டுகள் தேவைப்பட்டன. அதற்குள் எத்தனை தலைமுறைச் சிறார் எழுத்தாணியோ எழுதுகோலோ பிடிக்க வேண்டிய விரல்களால் நூலிழையைப் பிடித்து முதுமை எய்தினர் என்பதை எண்ணிப் பார்த்தல் வேண்டும்.

உழைப்பில்லாத வீட்டிலும் பள்ளி வாயில் எல்லார்க்கும் திறந்திருக்கவில்லை. தாழ்த்தப்பட்ட குலங்களிற் பிறந்த பிள்ளைகளைச் சேர்த்துக்கொள்ளாத பள்ளிகள் பல இருந்தன. அந்நிலையில், 1894-ஆம் ஆண்டில் ஆல்காட் என்னும் அமெரிக்கப் பெரியார் அடையாற்றில் அப்பிள்ளைகளுக்கென்றே கட்டணமில்லாப் பள்ளி ஒன்றைத் தொடங்கினார். அயோத்திதாசப் பண்டிதர் அம்முயற்சிக்குத் துணை நின்றார். அவர்கள் வழியில் வளர்ந்த பள்ளி இன்றும் ஆல்காட் நினைவுப் பள்ளியாய்ப் பெசன்ட் நகரில் நடைபெற்று வருகின்றது.

இளமையிலே கணவனை இழந்த சிறுமியர் நிலை இன்னும் இரங்கத்தக்கது. நகரத்தின் நடுவே வாழ்ந்தும் அவர்களுக்கு வீட்டு வாயிலே எல்லையாய் இருந்தது. தாமும் இளமையிலேயே கைம்மை உற்ற சகோதரி சுப்புலட்சுமி (1886–1969), சுற்றத்தாரின் ஏச்சையும் பேச்சையும் பொறுத்துப் பயின்று பட்டம் பெற்றார். தாம் பெற்ற கல்வியைத் தமக்கே உரிய அணிகலனாய்ப் பூட்டி வைக்காமல், அத்தகைய சிறுமியர்க்காகச் சென்னையில் இல்லம் ஒன்றை அமைத்தார். கடற்கரையில் நிற்கும் ஐஸ் ஹவுஸ் என்னும் பழங்கட்டடத்தில் அச்சிறுமியர் தங்கிக் கற்றனர். அவருட் பலர் ஆசிரியர் ஆயினர். மூலையில் ஒடுக்கப்பட்டிருந்தவர் வகுப்பறையின் முன்னே நின்று பாடம் சொல்லினர் என்றால், அதனினும் பெரிய மாற்றம் யாது?

இத்தடைகள் யாவும் நீங்கிய பின்னும் எஞ்சி நிற்கும் தடை பசி. பசித்த வயிற்றுக்கு எழுத்தும் எண்ணும் ஏறா. இவ்வுண்மையை உணர்ந்து செயலாற்றியவர் சர் பிட்டி தியாகராயச் செட்டியார். அவர் சென்னை நகராண்மைக் கழகத்தின் தலைவராய் இருந்தபோது, ஆயிரம் விளக்குப் பகுதியில் இருந்த கழகப் பள்ளியில் மாணவர் வருகை குறைந்திருத்தலைக் கண்டார். அங்குப் பயில்வோர் வறியவர். அவ்வறுமையே பள்ளியின் வளர்ச்சியைத் தடுக்கின்றது என்று அவர் மன்றத்தில் எடுத்துரைத்தார். ஒரு மாணவனுக்கு நாளொன்றுக்கு ஓரணாவுக்கு மேற்படாத செலவில் நண்பகல் உணவு வழங்குவதென 1920-ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்களில் அம்மன்றம் தீர்மானம் நிறைவேற்றியது.

ஓரணா சிறிய காசு. அதன் பயனோ பெரிது. திட்டம் மேலும் நான்கு பள்ளிகளுக்கு விரிந்தது. 1922–23-ஆம் கல்வியாண்டில் 811 ஆக இருந்த மாணவர் தொகை, 1924–25-இல் 1,671 ஆக உயர்ந்தது. பள்ளிகள் இடம் பெயரவில்லை. மாணவர் வீடுகளும் அண்மைக்கு வரவில்லை. ஆயினும், ஈராண்டுக்குள் மாணவர் தொகை இரு மடங்கு ஆயிற்று. வீட்டுக்கும் பள்ளிக்கும் இடையே கிடந்த தொலைவு பசியின் தொலைவே என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை. பின்னர், தொடக்கக் கல்விக்கு உரிய பணத்தை உணவுக்குச் செலவிட ஆங்கில அரசு இசையாமையால், 1925-இல் அத்திட்டம் தடைப்பட்டது. தியாகராயரும் அவ்வாண்டிலேயே மறைந்தார்.

நல்ல விதை மண்ணுள் மறைந்து கிடப்பினும் மழை கண்டபோது முளைக்கும். காமராசர் முதலமைச்சராய் இருந்த காலத்தில், 1956-இல், நண்பகல் உணவுத் திட்டம் மாநில அளவில் மலர்ந்தது. எம்.ஜி.ஆர். முதலமைச்சராய் இருந்தபோது 1982-ஆம் ஆண்டு சூலைத் திங்களில் ஊர்ப்புறங்களில் தொடங்கிய சத்துணவுத் திட்டம், அவ்வாண்டு செப்டம்பர்த் திங்களில் நகர்ப்புறங்களுக்கும் வந்தது. காலையில் வேலைக்கு விரையும் பெற்றோர் பலர், தம் மக்களுக்கு உணவு சமைத்தற்கு நேரம் பெறார். அவர்தம் பிள்ளைகள் வெறும் வயிற்றுடன் வகுப்பில் அமர்வதைத் தவிர்த்தற்பொருட்டு, அரசுத் தொடக்கப் பள்ளிகளில் காலை உணவு வழங்கும் திட்டம் 2022-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் நாள் மதுரையில் தொடங்கப்பெற்றது. அடுத்த ஆண்டில் மாநிலம் முழுதும் பரவியது. ஆயிரம் விளக்கில் ஏற்றிய ஒரு சிறு விளக்கின் சுடர், நூறாண்டு கடந்தும் அணையாமல் பல்லாயிரம் பள்ளிகளில் எரிகின்றது எனலாம்.

சட்டமும் உணவோடு சேர்ந்து துணை நின்றது. ஆறு முதல் பதினான்கு வயதுக்கு உட்பட்ட குழந்தைகள் அனைவரும் கட்டணமின்றிக் கல்வி பெறுதற்கு உரியவர் என்னும் சட்டம் 2009-இல் இயற்றப்பெற்று, 2010-ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் நடைமுறைக்கு வந்தது. முன்னாளில் பள்ளிக்கு வருதல் ஒருவர் பெற்ற பேறு. இந்நாளில் அஃது உரிமை.

இவ்வாறாயின் தொலைவு முற்றும் ஒழிந்ததோ எனின், ஒழிந்திலது. நகரம் வளருந்தோறும் புதிய தொலைவுகள் பிறக்கின்றன. கூவம், அடையாறு ஆகிய ஆறுகளின் கரையில் குடிசையிட்டு வாழ்ந்த குடும்பங்கள் பல, 2000-ஆம் ஆண்டு முதலாகத் துரைப்பாக்கத்தை அடுத்த கண்ணகி நகர்க்கும், பின்னர்ப் பெரும்பாக்கத்துக்கும் குடியேற்றப்பெற்றன. கரையோரக் குடிசை வெள்ளத்துக்கு இரையாவது உண்மையே. கற்சுவர் வீடு நன்மையே. ஆயினும், நகரின் நடுவிலிருந்து பெரும்பாக்கம் இருபது கிலோமீட்டருக்கு அப்பால் உள்ளது. பள்ளியாண்டின் இடையிலேயே குடிபெயர்ந்த மாணவர் சிலர், பழைய பள்ளியை விட மனமின்றி விடியுமுன் எழுந்து பேருந்து ஏறினர். சிலர் படிப்பையே கைவிட்டனர். சிற்றூர்ச் சிறுவன் நடந்த நெடுவழி இப்பொழுது நகரத்துச் சிறுவனுக்கு வந்து வாய்த்தது. வீட்டைக் கட்டுவோர் முதலிற் பள்ளியைக் கட்டுதல் வேண்டும் என்னும் பாடத்தை இது புகட்டுகின்றது.

பிற மாநிலங்களிலிருந்து கட்டட வேலைக்கு வருவோர் பிள்ளைகளின் இடர் வேறொரு வகையது. ஒரு கட்டடம் முடிந்தவுடன் அவர்கள் மற்றோர் இடத்துக்குப் பெயர்வர். வகுப்பில் ஒலிக்கும் மொழி அவர்களுக்குப் புதிது. அடுத்த இருக்கையில் அமர்ந்திருப்போன் பேசுவது விளங்காதபோது, அவ்விருக்கையும் தொலைவில் உள்ளதே ஆகும். இத்தொலைவைக் குறைத்தற்கு அரசாணை ஒன்றே போதாது. உடன் பயிலும் மாணவன் இன்முகத்துடன் சொல்லித் தரும் நான்கு தமிழ்ச் சொற்கள் ஆணையினும் விரைந்து பயன் தரும்.

ஒற்றை அறையில் ஐவரும் அறுவரும் வாழும் வீடுகளில், மின்விளக்கு எரியினும் படித்தற்குரிய அமைதி இல்லை. தெருவிளக்கைத் தேடிய பழைய மாணவனின் இடர் இன்று இவ்வுருவில் நிற்கின்றது. அதற்கு மருந்து நூலகம். சென்னையில் 1896-இல் திறக்கப்பெற்ற கன்னிமாரா நூலகமும், 2010-இல் கோட்டூர்புரத்தில் திறக்கப்பெற்ற அண்ணா நூற்றாண்டு நூலகமும் யாவர்க்கும் இடம் தருகின்றன. பின்னையதில், தம் சொந்த நூல்களைக் கொண்டு வந்து அமர்ந்து படித்தற்கென்றே ஒரு பகுதி உண்டு. வீட்டில் இடமில்லாத இளைஞர்க்கு நகரம் விரித்துக் கொடுத்த திண்ணை அஃது என்று கூறலாம். இத்தகைய திண்ணைகள் பேட்டைதோறும் பெருகுதல் வேண்டும்.

ஆதலின், பள்ளிக்கு வாராத தோழனைக் கண்டு, ‘அவன் சோம்பேறி, படிப்பில் நாட்டமற்றவன்’ என்று விரைந்து தீர்ப்புரைத்தல் தகாது. 1920-இல் வெறுமையாய்க் கிடந்த இருக்கைகளைக் கண்ட தியாகராயர் மாணவரைக் குறை கூறினாரல்லர். அவர்கள் வாராமைக்குக் காரணம் யாது என்று ஆராய்ந்தார். அவ்வாராய்ச்சியே உணவாயிற்று. ஒவ்வொரு வகுப்பிலும் என்றேனும் ஓர் இருக்கை வெறுமையாய் இருக்கும். அதற்குரியவன் இன்று ஏன் வரவில்லை என்று கேட்டறிந்து, இயன்ற உதவியைச் செய்யும் மாணவர் அத்தொலைவில் ஓரடியைக் குறைத்தவர் ஆவர். பள்ளிக்கும் வீட்டுக்கும் உள்ள தொலைவை ஆட்சியாளர் ஒருபுறமும் மாணவர் மறுபுறமுமாகக் குறைத்து வருவாராயின், நகரத்தில் ஒலிக்கும் பள்ளி மணி எல்லாச் செவிகளுக்கும் ஒருங்கே உரியதாகும்.