ஒட்டுக்கன்றின் கீழ்த்தளிர்

நெகிரி செம்பிலானில் செம்பனை பெருகிவிட்டபோதிலும் ரப்பர் மறுநடவு அறவே நின்றுவிடவில்லை. புதிதாக நட்ட ஒட்டுக்கன்றில் முதற்கண் கவனிக்கத்தக்கது, ஒட்டுக்குக் கீழே வெடிக்கும் தளிரே.

ஒட்டுக்கு மேற்பட்டது, 1925இல் தோன்றிய ரப்பர் ஆராய்ச்சிக் கழகம் உருவாக்கிய ஆர்.ஆர்.ஐ.எம். 600 போன்ற உயர்ரகம். கீழ்ப்பட்டதோ விதையில் முளைத்த சாதாரண மரம். கீழ்த்தளிர் விரைந்தோங்கி மேற்தளிரை அமுக்கிவிடும். செழிப்பைக் கண்டு அதனையே பேணிக் காப்போரும் உளர்! ஆறேழு ஆண்டு கழித்துக் கத்தி வைக்கும்போதுதான் உண்மை தெரியும். வெட்டுபவரின் வாளி நிறையாது. ஆதலால் களையெடுக்கும்போதே, அத்தளிரைப் பிஞ்சில் விரலால் கிள்ளி எறிதல் வேண்டும். கத்தி வேண்டா, பட்டை காயமுறும்.

மேற்தளிரின் தண்டில் சுமார் 2 மீட்டர் உயரம் வரை தோன்றும் பக்கக் கிளைகளையும் அவ்வாறே இளமையில் நீக்குக. பின்னாளில் பால் வெட்டும் பட்டை அதுவேயன்றோ? ஒட்டிலிருந்து 150 செ.மீ. உயரத்தில் சுற்றளவு 50 செ.மீ. ஆன பின்னரே பால்வெட்டு தொடங்கத்தக்கது.