திருப்புளிக்கு எட்டாத இடத்தில் பணத்தைப் போடுங்கள்

திருநெல்வேலியில் ஆடிட்டர் அலுவலகம் நடத்தும் வாசகி ஒருவர், டீலர் கொடுத்த கொட்டேஷனை அப்படியே அனுப்பியிருக்கிறார். 14 அங்குல பிசினஸ் லேப்டாப். அடிப்படை மாடலுக்கு ஒரு விலை. அதன் கீழே ஏழு கூடுதல் வரிகள்: ஐ5-க்குப் பதில் ஐ7, 16 ஜி.பி. ரேமுக்குப் பதில் 32, 512 ஜி.பி. எஸ்.எஸ்.டி.க்குப் பதில் 1 டி.பி., மேலான திரை, பெரிய பேட்டரி, விண்டோஸ் புரோ, மூன்று வருட ஆன்சைட் வாரன்ட்டி. “எல்லாவற்றையும் சேர்த்தால் எங்கேயோ போய் நிற்கிறது. இரண்டு, மிஞ்சினால் மூன்றுக்குத்தான் கையில் பணம். எதை எடுக்க, எதை விட?” என்று கேட்கிறார்.

இப்படி ஒரு தாள் கைக்கு வந்தால் நான் முதலில் செய்வது ஒன்றுதான். ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில், ‘இதைப் பின்னால் திருப்புளி வைத்து மாற்றிக்கொள்ளலாமா?’ என்று எழுதிப் பார்ப்பேன். மாற்ற முடியும் என்றால் அவசரமில்லை. மாற்ற முடியாது என்றால் அங்கேதான் இன்றைய பணம் போக வேண்டும்.

இந்தப் பழக்கம் பணத்தை இழந்த பிறகு வந்தது. சில வருடங்களுக்கு முன் ஐ7 என்ற ஒட்டுத்தாளை நம்பிக் கூடுதல் தொகை கொடுத்து ஒரு மெல்லிய லேப்டாப் வாங்கினேன். ரேம் 8 ஜி.பி. இரண்டாம் வருடமே பிரவுசரும் பெரிய எக்ஸெல் கோப்பும் ஒன்றாகத் திறந்தால் திணற ஆரம்பித்தது. சென்னை ரிச்சி தெருவுக்குத் தூக்கிக்கொண்டு போனேன். கடைக்காரர் அடிமூடியைக் கழற்றிப் பார்த்துவிட்டு, “சார், இதுல ஸ்லாட்டே இல்ல. போர்டுலயே சால்டர் பண்ணிருக்கான்” என்றார். பிராசஸர் ஒரு நாளும் எனக்குத் தடையாக இருந்ததில்லை. ரேமும் மங்கலான திரையும்தான் அந்த மெஷினோடு இருந்த கடைசி நாள் வரை தொல்லை கொடுத்தன.

ஆகவே ரேமிலிருந்து தொடங்குகிறேன். இன்று மெல்லிய லேப்டாப்புகள் பலவற்றில் எல்.பி.டி.டி.ஆர்.5 வகை ரேம் மதர்போர்டிலேயே பற்றவைக்கப்பட்டு வருகிறது. சிப்புக்கும் பிராசஸருக்கும் நடுவே தூரம் குறைவதால் மின்சாரம் மிச்சமாகிறது, வேகமும் கூடுகிறது. அதனால் நிறுவனங்களைக் குறை சொல்ல மாட்டேன். இன்டெல்லின் கோர் அல்ட்ரா 200வி வரிசையில் ரேம் பிராசஸர் பொட்டலத்துக்குள்ளேயே உட்கார்ந்திருக்கிறது. 16 அல்லது 32 ஜி.பி., அவ்வளவுதான். ஆப்பிள் எம் வரிசையிலும் வாங்கும்போது எடுத்ததுதான் ஆயுளுக்கும்.

பெயரை வைத்து இதைக் கண்டுபிடிக்க முடியாது என்பதுதான் சிக்கல். லெனோவோவின் தின்க்பேட் டி14 நான்காம் தலைமுறையில் ஏ.எம்.டி. பிராசஸர் கொண்ட மாடலுக்கு ரேம் முழுக்கப் பற்றவைத்தது. 2024-ல் வந்த ஐந்தாம் தலைமுறை டி14-ல் கழற்றி மாட்டும் ஸ்லாட் இரண்டு. அதே குடும்பத்து டி14எஸ்ஸில் ஸ்லாட்டே கிடையாது. டீலரிடம் கேட்டால் “போட்டுக்கலாம் மேடம்” என்றுதான் பதில் வரும். அதை நம்ப வேண்டாம். பெரிய நிறுவனங்கள் பலவும் தங்கள் பிசினஸ் மாடல்களுக்கு சர்வீஸ் மேனுவலை இலவசமாக இணையத்தில் வைத்திருக்கின்றன. முழு மாடல் எண்ணைப் போட்டு அதை இறக்கி, மெமரி பக்கத்தை மட்டும் பாருங்கள். கழற்றும் படம் இருந்தால் ஸ்லாட் இருக்கிறது. கடையில் டெமோ மெஷின் இருந்தால் கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தி டாஸ்க் மேனேஜரில் மெமரி பகுதிக்குப் போங்கள். எத்தனை ஸ்லாட், அதில் எத்தனை நிரம்பியிருக்கிறது என்று அங்கே காட்டும். ‘ரோ ஆஃப் சிப்ஸ்’ என்று இருந்தால் பற்றவைத்தது என்று பொருள்.

எவ்வளவு ரேம் வேண்டும் என்பதற்கும் அதே டாஸ்க் மேனேஜர் பதில் சொல்லும். இப்போது கையில் இருக்கும் பழைய மெஷினில், வேலை உச்சத்தில் இருக்கும் நாளில் பாருங்கள். ஆடிட்டருக்கு அது செப்டம்பர் 30 கெடுவுக்கு முந்தைய வாரம்: டேலி ஒரு பக்கம், நாலைந்து எக்ஸெல், வருமான வரி போர்ட்டலும் ஜி.எஸ்.டி. போர்ட்டலும் திறந்த இருபது டேப், ஸ்கேன் செய்த பி.டி.எஃப்.கள், நடுவில் ஒரு ஜூம் அழைப்பு. அந்த நேரத்தில் இருக்கிற ரேமில் 80 சதவீதத்துக்கு மேல் தொடர்ந்து நிரம்பியிருந்தால் அடுத்த மெஷினில் இரட்டிப்பாக்குங்கள். தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத லேப்டாப்பில் திரைக்கான வேலையும் இதே ரேமிலிருந்துதான் பங்கு எடுக்கும். இன்று தொழிலுக்கு வாங்கும் மெஷினில் 16 ஜி.பி.க்குக் கீழே நான் யாருக்கும் சொல்வதில்லை. பற்றவைத்த ரேம் என்றால், ஐந்து வருடம் உழைக்க வேண்டிய மெஷினுக்கு 32 எடுக்கச் சொல்வேன்.

ஸ்லாட் இருக்கிறது என்றால் இப்போது 16 போதும், பிறகு வெளியே வாங்கிப் போடலாம் என்பது பல வருடமாக நல்ல யோசனையாக இருந்தது. இப்போது ஒரு திருத்தம் தேவைப்படுகிறது. ஏ.ஐ. டேட்டா சென்டர்களுக்காக மெமரி சிப் உற்பத்தி திருப்பிவிடப்பட்டதில், 2025 கடைசியில் ரேம் விலை மளமளவென்று ஏறியது. கடைகளில் கிடைத்துவந்த குருசியல் ரேம், எஸ்.எஸ்.டி. வியாபாரத்தையே நிறுத்திக்கொள்வதாக மைக்ரான் அந்த டிசம்பரில் அறிவித்தது. பழைய விலை நினைவை வைத்து முடிவெடுக்காதீர்கள். கொட்டேஷனில் 16-க்கும் 32-க்கும் உள்ள வித்தியாசத்தை, அதே நாளில் வெளியே தனி ரேம் என்ன விலை என்று கேட்டு ஒப்பிடுங்கள். கம்பெனி விலை கிட்டத்தட்ட சமமாக வந்தால் உள்ளேயே போட்டு வாங்கிவிடுங்கள், வாரன்ட்டியும் ஒரே இடத்தில் இருக்கும்.

அடுத்தது திரை. கொட்டேஷனில் ‘மேலான திரை’ என்ற வரிதான் எப்போதும் முதலில் அடிபடும். எனக்கு அதில் மனசு ஆறுவதே இல்லை. ஒரு நாளில் எட்டு, பத்து மணி நேரம் கண் படுகிற இடம் அது. சேசிஸைப் பிரித்து வேறு பேனல் மாட்டுவது தெரிந்தவர் கையிலும் சில்லறை வேலை அல்ல, கேபிள் பொருந்தாமலும் போகலாம். அடிப்படை மாடலில் பெரும்பாலும் ‘45% என்.டி.எஸ்.சி.’ என்று ஒரு பேனல் வரும். சாதாரணமாக இணையத்தில் பார்க்கும் நிறங்களின் அளவுகோலான எஸ்.ஆர்.ஜி.பி.யில் கிட்டத்தட்ட அறுபது சதவீதத்துக்குக் கொஞ்சம் மேலேதான் அது காட்டும். சிவப்பு செங்கல் நிறமாகத் தெரியும். இன்னொன்று வெளிச்சம், அதை நிட்ஸ் என்ற அளவில் சொல்வார்கள். 250 நிட்ஸ் திரையை ஜன்னலோரம் வைத்தால் நம் ஊர் வெயிலில் முகம்தான் தெரியும், கணக்கு தெரியாது. 400 நிட்ஸ், 100% எஸ்.ஆர்.ஜி.பி., கண்ணாடிப் பளபளப்பு இல்லாத மேற்பரப்பு ஆகிய மூன்றும் இருக்கிற பேனல் கொட்டேஷனில் இருந்தால் யோசிக்காமல் டிக் போடுங்கள்.

அதற்காக 4கே வரைக்கும் போக வேண்டாம். 14 அங்குலத்தில் அந்தக் கூடுதல் புள்ளிகளைக் கண் பிரித்துப் பார்ப்பது கடினம், பேட்டரியைத்தான் அது குடிக்கும். அதைவிடப் பயன் தருவது உயரம். 1920×1080 திரையைவிட 1920×1200 திரையில் கீழே 120 கோடு கூடுதல். எக்ஸெல்லில் நூறு சதவீத அளவில் ஒரு வரிசை 20 புள்ளி உயரம். ஆக ஆறு வரிசை அதிகமாகத் தெரியும். நாள் முழுக்க லெட்ஜரில் மேலும் கீழும் நகர்கிறவருக்கு அது சாதாரண விஷயமில்லை.

ஐ7 வரியை அடித்துவிடலாம் என்பது என் கருத்து. காரணம் சொல்கிறேன். இன்டெல் ஐ5-1335யு, ஐ7-1355யு இரண்டையும் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டிலும் பத்து கோர், இரண்டிலும் 12 எம்.பி. கேஷ், இரண்டுமே 15 வாட் பிராசஸர்கள். உச்ச வேகம் ஒன்றில் 4.6 கிகாஹெர்ட்ஸ், மற்றதில் 5. அந்த உச்சத்திலும் மெல்லிய உடம்புக்குள் சில விநாடிகள்தான் நிற்கும், சூடேறியதும் இறங்கிவிடும். டேலிக்கும் எக்ஸெல்லுக்கும் இந்த வித்தியாசம் கையில் தெரியாது. அந்தப் பணத்தைத் திரைக்கு மாற்றுங்கள். ஆனால் எண்ணைப் பார்த்து ஏமாறாமலும் இருக்க வேண்டும். ஏ.எம்.டி. ரைசன் 7000 மொபைல் வரிசையில் 7520யு, 7530யு, 7540யு மூன்றும் அண்ணன் தம்பி போலத் தெரியும். மூன்றாவது இலக்கத்தில்தான் சங்கதி. 2 என்றால் 2019-ல் வந்த ஸென் 2 வடிவமைப்பு, 3 என்றால் ஸென் 3, 4 என்றால் ஸென் 4. எண் 7-ல் தொடங்குவதால் மட்டும் புதுசாகிவிடாது.

எஸ்.எஸ்.டி.யை விட்டுவிடுங்கள். பெரும்பாலான பிசினஸ் லேப்டாப்புகளில் அது ஒரு ஸ்க்ரூவில் நிற்கிற எம்.2 பலகை. 512 நிரம்பும்போது பெரியதாக மாற்றலாம். பலகையின் அளவு 2280-ஆ 2242-ஆ என்று சர்வீஸ் மேனுவலில் பார்த்து வாங்க வேண்டும், அவ்வளவுதான். மிச்சப்படும் தொகையில் பேக்கப்புக்கு ஒரு எக்ஸ்டர்னல் டிஸ்க் வாங்கினால் கட்சிக்காரர்களின் கணக்குக்குப் பாதுகாப்பு. டிஸ்க்கை மாற்றுவதற்கு முன் பிட்லாக்கரின் 48 இலக்க மீட்புச் சாவியைத் தாளில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள். அது இல்லாமல் தரவைத் திரும்ப எடுக்க வழியே இல்லை. விண்டோஸ் புரோவும் எஸ்.எஸ்.டி. போலப் பிறகு பார்த்துக்கொள்ளக்கூடியதுதான்: ஹோமில் தொடங்கி, வெளியிலிருந்து அலுவலக மெஷினுக்குள் ரிமோட் டெஸ்க்டாப்பில் நுழைய வேண்டிய தேவை வரும்போது ஸ்டோரிலேயே புரோவுக்கு மாறிக்கொள்ளலாம்.

பேட்டரிக்கு, உங்கள் நாள் எப்படிப் போகிறது என்று எனக்குத் தெரிய வேண்டும். மேஜையை விட்டு நகராதவர் என்றால் சிறியதே போதும், சார்ஜை 80 சதவீதத்தில் நிறுத்தும் வசதியைப் போட்டுவைத்தால் நெடுநாள் உழைக்கும். கட்சிக்காரர் குடோனில் உட்கார்ந்து ஸ்டாக் சரிபார்க்கிறவர் என்றால் பெரியதை எடுங்கள். ஐந்தாம் தலைமுறை டி14-ல் 39.3, 52.5 வாட்-அவர் என இரண்டு அளவு உண்டு. மூன்றில் ஒரு பங்கு அதிகம் என்பது மின்வெட்டு நாளில் பிற்பகலைக் காப்பாற்றும். பின்னால் பெரியதைப் பொருத்த முடியுமா என்பது மாடலுக்கு மாடல் மாறும். மேனுவலைத் திறக்கும்போதே அதையும் பார்த்துவிடுங்கள்.

கொட்டேஷனில் கடைசி வரியாக இருக்கும் வாரன்ட்டியை நான் மேலே கொண்டுவருவேன். ரேம் பற்றவைத்த மெஷினில் ஒரு மெமரி சிப் கெட்டாலும் மதர்போர்டையே மாற்ற வேண்டும், அது பாதி லேப்டாப் விலைக்கு வந்து நிற்கும். ஆன்சைட் என்றால் ஆள் உங்கள் அலுவலகத்துக்கு வருவார். இல்லையென்றால் நீங்கள்தான் சர்வீஸ் சென்டருக்குத் தூக்கிக்கொண்டு போக வேண்டும், கெடு வாரத்தில் அது எத்தனை நாள் இழுக்கும் என்று சொல்ல முடியாது. உங்கள் பின்கோடுக்கு ஆன்சைட், அடுத்த வேலைநாளில் வருகை உண்டா என்று டீலரிடம் எழுத்தில் வாங்குங்கள். இன்னொன்றை ஆடிட்டர், வக்கீல், டாக்டர் மூவருமே கேட்க வேண்டும்: டிஸ்க் கெட்டு வாரன்ட்டியில் மாற்றினால் பழைய டிஸ்க்கைக் கம்பெனி எடுத்துக்கொண்டு போய்விடும். அதை நம்மிடமே வைத்துக்கொள்ள ஒரு சிறு கூடுதல் திட்டம் தனியாக உண்டு. அடுத்தவர் கணக்கு உள்ளே இருக்கும்போது அந்தத் தொகை கொடுக்க வேண்டியதுதான்.

கொட்டேஷனில் வராத ஒன்றிரண்டையும் கவனியுங்கள். டிஜிட்டல் கையெழுத்துக்கான டி.எஸ்.சி. டோக்கன் பெரும்பாலும் பழைய அகல யு.எஸ்.பி. வாயில்தான் மாட்டும். டைப்-சி மட்டும் உள்ள லேப்டாப் வாங்கினால் ஒவ்வொரு ஃபைலிங்குக்கும் அடாப்டர் தேட வேண்டும். சிம் போட்டு இணையம் வேண்டுமென்றால் அதற்கான ஆன்டெனா தொழிற்சாலையிலேயே மூடிக்குள் பொருத்தப்பட்டிருக்க வேண்டும். மோடம் கார்டைப் பிறகு வாங்கலாம், ஆன்டெனாவை இழுப்பது பெரும்பாடு.

இதே தாளைக் கல்யாண வீடியோ எடிட் செய்கிறவர் அனுப்பியிருந்தால் என் டிக்குகள் மாறியிருக்கும். அவருக்குத் தனி கிராஃபிக்ஸ் கார்டு அவசியம், அதிலும் பெயரை மட்டும் பார்க்கக் கூடாது. ஆர்.டி.எக்ஸ். 4060 லேப்டாப் கார்டை 35 வாட்டிலிருந்து 115 வாட் வரை நிறுவனங்கள் தங்கள் வசதிக்கு ஓட்டுகின்றன. ஒரே பெயர், உழைப்பில் பெரிய இடைவெளி. ஆட்டோகேடில் பிளான் மட்டும் வரைகிற இன்ஜினியருக்கு அந்தக் கார்டே வேண்டியதில்லை.

உங்கள் தாளுக்கு வருகிறேன். முதல் டிக் திரைக்கு, இரண்டாவது வாரன்ட்டிக்கு. நீங்கள் குறிப்பிட்ட மாடலில் ரேம் பற்றவைத்தது என்று மேனுவலில் தெரிந்தால் மூன்றாவது டிக் 32 ஜி.பி.க்கு, ஸ்லாட் இருந்தால் பேட்டரிக்கு. மற்றவை காத்திருக்கட்டும். பெட்டி வந்ததும் டாஸ்க் மேனேஜரில் ரேம் அளவைச் சரிபாருங்கள், வெள்ளைப் பக்கம் ஒன்றைத் திறந்து திரையில் கரும்புள்ளி இருக்கிறதா என்று பாருங்கள். பிறகு கம்பெனி இணையதளத்தில் சீரியல் எண்ணைப் போட்டு வாரன்ட்டி தேதியைப் பாருங்கள். சில சமயம் டீலருக்கு அனுப்பிய நாளிலிருந்தே அது ஓட ஆரம்பித்திருக்கும். உங்கள் பில்லை அனுப்பினால் தேதியைத் திருத்தித் தருவார்கள். இதை முதல் வாரத்திலேயே செய்துவிடுங்கள்.