சண்டையே இல்லை, விவாகரத்து கிடைக்குமா?

கேள்வி: பிறந்த ஊர் சிதம்பரம், வாழ்க்கைப்பட்டது கடலூர் மஞ்சக்குப்பம். இரண்டு வருடமாக நானும் கணவரும் ஒரே வீட்டில் தனித்தனி அறையில் இருக்கிறோம். "சாப்பாடு எடுத்து வெச்சிருக்கேங்க", "சரிம்மா". பேச்சு அவ்வளவுதான். விருந்தாளி வந்தால் சேர்ந்து உட்கார்ந்து சிரிப்போம். இப்போது மனமொத்துப் பிரிய முடிவெடுத்துவிட்டோம். ஒரு வருடமாவது வேறு வேறு வீட்டில் இருந்தால்தான் விவாகரத்து கிடைக்கும் என்கிறார்களே?

- பெயர் வேண்டாம், கடலூர்

பதில்: தேவையில்லை. இந்து திருமணச் சட்டத்தின் 13பி பிரிவு, ஓராண்டாவது பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும் என்கிறது. கணவன் மனைவியாக வாழாமல் இருப்பதுதான் பிரிவு, அது ஒரே கூரையின் கீழும் நடக்கலாம் என்று 1991-ல் சுரேஷ்தா தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

சிதம்பரத்துப் பெண்ணுக்கு இது புதிதா என்ன? இளமையாக்கினார் கோயில் குளத்தோடு சேர்த்துச் சொல்லப்படும் திருநீலகண்டர் கதை தெரிந்திருக்குமே. பரத்தை வீட்டுக்குப் போய்வந்த குயவரை, இனித் தொடக்கூடாது என்று மனைவி ஆணையிட்டுத் தடுத்தார். மற்றப் பணிவிடைகளில் குறை வைக்கவில்லை. முதுமை வரை ஒரே வீடு, ஊருக்குத் தெரியாது. தெரிந்தது, அடியாராக வந்த சிவன் கொடுத்துவைத்த ஒரு திருவோடு காணாமல் போன வழக்கில். மனைவி கையைப் பிடித்துக் குளத்தில் மூழ்கிச் சத்தியம் செய் என்று அவர் கேட்டபோது, பிடிக்க முடியாத காரணத்தை எல்லார் காதிலும் விழச் சொல்ல வேண்டியதாயிற்று. பக்தர்களுக்கு, மூழ்கி எழுந்த இருவருக்கும் இளமை திரும்பியது பெரிது. வக்கீலான என் கண்ணில் படுவது அந்த ஓடு.

மரியாதையாகப் பிரிகிறவர்கள் பொருளைப் பற்றிப் பேச மாட்டார்கள், அசிங்கமாம். பிறகு ஒரு பீரோவுக்காகக் கோர்ட் படியேறுவார்கள். நகை, சீர், வீட்டுக் கடன், ஜீவனாம்சம், குழந்தை இருந்தால் யாரிடம் என்பது, எல்லாவற்றையும் எழுதிக் கூட்டு மனுவோடு சேருங்கள். யார் மேல் தப்பு என்று மனுவில் எழுத வேண்டியதில்லை. வழக்கமாக ஆறு மாதம் காத்திருக்கச் சொல்வார்கள். பிரிந்து ஒன்றரை ஆண்டு ஆகி, சமரசத்துக்கு வழியின்றி, கொடுக்கல் வாங்கலும் தீர்ந்திருந்தால் அதைத் தளர்த்தலாம் என்பது 2017-ன் அமர்தீப் சிங் தீர்ப்பு.

தீர்ப்பு வரும்வரை இருவரில் யாரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம். ஆகவே எல்லாம் வாங்கியாயிற்று என்று முன்கூட்டியே கையெழுத்துப் போடாதீர்கள். ஒரே வக்கீல் போதுமே என்று கணவர் பதவிசாகச் சொன்னாலும், மனுவை நீங்கள் தனியாக ஒருவரிடம் காட்டுங்கள். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச உதவி உண்டு, தொலைபேசி 15100.