டெல்லி பால்கனிக்குச் சிட்டுக்குருவி வர...

டெல்லி அரசு 2012-இல் சிட்டுக்குருவியை மாநிலப் பறவையாக அறிவித்தது. ஆனாலும் அடுக்குமாடி பால்கனிகளில் புறாக்களின் ராஜ்யம்தான்.

முதலில் அடையாளம். ஆண் குருவிக்கு உச்சந்தலை சாம்பல், கன்னம் வெளுப்பு, தொண்டையில் கறுப்புத் திட்டு. பெண் மங்கிய பழுப்பு. கண்ணுக்குப் பின்னால் ஒரு வெளிர்கோடு ஓடும். டெல்லியின் ரிட்ஜ் காட்டுப் பக்கம் தோளில் செம்பழுப்பும் தொண்டையில் மஞ்சள் பொட்டும் தெரிந்தால் அது மஞ்சள் தொண்டைச் சிட்டு. பறவையியலாளர் சாலிம் அலியைச் சிறுவயதில் பறவைகளின் பக்கம் இழுத்தது அந்த இனம்தான்!

கூட்டுப் பெட்டிக்கு 32 மில்லிமீட்டர் துளை போதும், மைனா நுழையாது. நிழலான சுவரில், பூனை எட்டாத உயரத்தில் மாட்டலாம். மின்விசிறி அருகே மட்டும் வேண்டவே வேண்டாம், இறக்கையில் அடிபட்டுச் சாகும். டெல்லியின் ராகேஷ் காத்ரி பள்ளிப் பிள்ளைகளுக்குச் சணலிலும் குச்சியிலும் கூடு செய்யக் கற்றுத்தருகிறார். வீட்டிலும் முயலலாம்.

கம்பு, நொய்யரிசி தூவினால் பெரிய குருவிகள் வரும். குஞ்சுகளுக்கோ புழு பூச்சிதான் உணவு. அதனால் தொட்டிச் செடிகளுக்குப் பூச்சிமருந்து அடிக்கக் கூடாது. இதைத்தான் பலர் மறந்துவிடுகிறார்கள். ஒளிந்துகொள்ள ஒரு மருதாணிப் புதர் இருந்தால் இன்னும் நல்லது.

மே, ஜூன் வெயிலில் அகலமான மண் தட்டில் இரண்டு விரல்கடை ஆழத்துக்குத் தண்ணீர் வைத்து, தினமும் கழுவி மாற்ற வேண்டும். பக்கத்தில் ஒரு தட்டு உலர்ந்த மணல் வைத்தால் புரண்டு குளிக்கும்.

முட்டையிட்டபின் பெட்டியைத் திறந்து பார்க்கக் கூடாது. குஞ்சுகள் பறந்துபோன பிறகு சுத்தம் செய்யலாம்.